பதினான்கு ஆண்டுகளுக்குப் பின் 'முறையற்ற நியமனம்': வழக்கு நிற்குமா?

கேள்வி, 2025 ஆகஸ்ட் 24

கொருக்குப்பேட்டையில் இருந்து எழுதுகிறேன். என் அக்கா 2011-இல் ஒரு வாரிய அலுவலகத்தில் அலுவலக உதவியாளராகச் சேர்ந்தார். தகுதிகாண் பருவம் முடித்ததாக ஆணை உண்டு, ஆண்டு ஊதிய உயர்வும் தவறாமல் வந்தது. போன மாதம் ஒரு வெள்ளிக்கிழமை மாலை நான்கு மணிக்கு அவரைக் கூப்பிட்டு ஒரு தாளைக் கொடுத்தார்கள். 'நியமனம் முறையற்றது எனத் தணிக்கையில் கண்டறியப்பட்டதால் இன்று பிற்பகல் முதல் பணியிலிருந்து விடுவிக்கப்படுகிறார்' என்று அதில் ஒரே வரி. பத்து ஆண்டுகள் முடித்தவரை எந்தக் காரணத்துக்காகவும் நீக்க முடியாது என்று சங்கத்தில் சொல்கிறார்கள். அது உண்மையா? வழக்குப் போட்டால் நிற்குமா?

2025 ஆகஸ்ட் 24, இரவு 9.40

பொது நிறுவனம் ஒன்றின் பணியமைப்புப் பிரிவில் முப்பத்தொரு ஆண்டுகள் இருந்து கண்காணிப்பாளராக ஓய்வுபெற்றவள் நான். வீடு புதுவண்ணாரப்பேட்டை. நியமன ஆணைகளையும் நீக்க ஆணைகளையும் என் கையால் தட்டச்சு செய்திருக்கிறேன். அவற்றில் சில உயர் நீதிமன்றத்தில் ரத்தானபோது, அந்தக் கோப்புகளைச் சுமந்துகொண்டு வழக்கறிஞரின் அறைக்கு நடந்தவளும் நானே.

'பத்து ஆண்டு' பேச்சை இப்போதைக்கு ஒதுக்கி வையுங்கள். உங்கள் அக்காவை நீக்குவதற்கு முன் அவரிடம் விளக்கம் கேட்டார்களா என்பதை முதலில் பார்க்க வேண்டும். நியமனத்தில் குறை இருக்கிறது என்று நிர்வாகம் கருதலாம். அது உண்மையாகவும் இருக்கலாம். ஆனால் குறை இருக்கிறது என்ற முடிவுக்கு வருவதற்கு முன்பே அந்த ஊழியரின் தரப்பைக் கேட்டாக வேண்டும். 1998-இல் பாசுதேவ் திவாரி என்பவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. அவர் வேலை பார்த்த பல்கலைக்கழகத்தின் சட்டம், விதிக்குப் புறம்பான நியமனத்தை அறிவிப்பின்றி எப்போது வேண்டுமானாலும் முடித்துவிடலாம் என்றே சொல்லியது. நீதிமன்றம் அந்தப் பிரிவைத் தள்ளுபடி செய்யவில்லை. நியமனம் விதிக்குப் புறம்பானதா என்பதை முதலில் முடிவு செய்ய வேண்டும், அந்த முடிவை அவரைக் கேட்காமல் எடுக்க முடியாது, ஆகவே விளக்கம் கேட்கும் கடமை அந்தப் பிரிவுக்குள்ளேயே இருப்பதாகக் கொள்ள வேண்டும் என்றது. சட்டத்தில் 'அறிவிப்பின்றி' என்று எழுதியிருந்தபோதே நிலைமை இது. உங்கள் அக்காவின் வாரியத்துக்கு அப்படி ஒரு பிரிவாவது இருக்கிறதா என்று பாருங்கள்.

அரசியலமைப்பின் 311-ஆவது உறுப்பைக் காட்டி வாதாடச் சிலர் சொல்வார்கள். அந்த உறுப்பு மத்திய, மாநில அரசுகளின் குடிமைப் பணியில் இருப்பவர்களுக்கானது. வாரிய ஊழியருக்கு அது நேரடியாகப் பொருந்தாது. வாரியத்தின் பணி விதிகளும், ஒருவரைக் கேட்காமல் அவருக்கு எதிராக முடிவெடுக்கக் கூடாது என்ற இயற்கை நீதியும், சட்டத்தின்முன் சமத்துவம் தரும் 14-ஆவது உறுப்பும்தான் அவருக்குத் துணை. அவை போதும்.

2025 ஆகஸ்ட் 25, காலை

அவசரமாக ஒன்று. விடுவிப்பு ஆணையைப் பெற்றுக்கொண்டதாகக் கையெழுத்திட்டதில் தவறில்லை. ஆனால் 'ஆட்சேபணை இல்லை' என்றோ 'கணக்கைத் தீர்த்துக்கொண்டேன்' என்றோ எதிலும் கையெழுத்திட வேண்டாம். நியமன ஆணை, தகுதிகாண் பருவம் முடித்த ஆணை, ஒவ்வோர் ஆண்டும் பணிப்பதிவேட்டில் ஒப்பமிட்ட பக்கங்கள் ஆகியவற்றின் நகல்களை உடனே திரட்டுங்கள். பணிப்பதிவேடு அலுவலகத்தின் பீரோவில் இருக்கும், கேட்டால் தரமாட்டார்கள். தகவல் பெறும் உரிமைச் சட்டத்தின்கீழ் பத்து ரூபாய் கட்டி இன்றே மனு கொடுத்துவிடுங்கள். தணிக்கை ஆட்சேபணையின் நகலையும் அதே மனுவில் கேளுங்கள். அந்தத் தாளைப் படிக்காமல் எந்த வழக்கறிஞரும் உங்களுக்கு உறுதியாக ஒன்றும் சொல்ல முடியாது.

2025 ஆகஸ்ட் 27

இப்போது பத்து ஆண்டு விஷயத்துக்கு வருகிறேன். இது உமாதேவி வழக்கிலிருந்து வந்த பேச்சு. கர்நாடக வணிகவரித் துறையில் தினக்கூலிகளாக இருந்தவர்கள் பணி வரன்முறை, அதாவது தங்கள் பணியை நிரந்தரமாக்குவது, கேட்டுப் போட்ட வழக்கு அது. ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு 2006 ஏப்ரல் 10 அன்று தீர்ப்பளித்தது. விளம்பரம் செய்யாமல், போட்டிக்கு வாய்ப்புத் தராமல் பின்வாசல் வழியாக உள்ளே வந்தவர்கள், எத்தனை ஆண்டுகள் உழைத்திருந்தாலும் நிரந்தரப் பணியை உரிமையாகக் கேட்க முடியாது என்பதுதான் அதன் மையம். வெளியே அதே தகுதியோடு காத்திருந்த மற்றவர்களுக்கும் 16-ஆவது உறுப்பு சம வாய்ப்பைத் தந்திருக்கிறது என்பது அதற்கான காரணம்.

அந்தத் தீர்ப்பின் 53-ஆவது பத்தியில் ஒரு விலக்கு உண்டு. சட்டவிரோத நியமனம் வேறு, முறையற்ற நியமனம் வேறு என்று நீதிமன்றம் பிரித்துக் காட்டியது. அனுமதிக்கப்பட்ட காலிப் பணியிடத்தில், உரிய தகுதி உடைய ஒருவரை, நடைமுறையில் ஏதோ ஒன்று குறையும்படி நியமித்திருந்தால் அது முறையற்றது மட்டுமே. அப்படிப்பட்டவர்கள் பத்து ஆண்டுகளுக்கு மேல் பணிபுரிந்திருந்தால் அவர்களை ஒருமுறை நடவடிக்கையாக வரன்முறை செய்யலாம் என்றது. பணியிடமே இல்லாமல், தகுதியே இல்லாமல் வந்தவருக்கு அந்தக் கதவு திறக்காது.

ஆகவே உங்கள் அக்காவுக்குக் கொடுத்த தாளில் 'முறையற்றது' என்ற சொல் இருப்பது எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்தது. அந்தச் சொல்லை எழுதியவருக்கு அதன் எடை தெரிந்திருக்குமோ தெரியாதோ, வழக்கு அந்தச் சொல்லின்மேல்தான் நடக்கப் போகிறது.

தமிழ்நாட்டிலிருந்தே போன ஒரு வழக்கையும் சொல்ல வேண்டும். கூட்டுறவுச் சங்கங்களில் 1980 முதல் 2001 வரை வேலைவாய்ப்பு அலுவலகத்தின் பட்டியல் இல்லாமல் சேர்க்கப்பட்டவர்களைக் காப்பாற்ற 2001 மார்ச்சில் அரசு ஓர் ஆணை போட்டது. உமாராணி வழக்கில் 2004-இல் உச்ச நீதிமன்றம், சட்டப்படி அமைந்த விதியை மீறிய நியமனத்தை அரசாணையால் சரிசெய்ய முடியாது என்று சொல்லிவிட்டது. நம் ஊரில் இந்த வழக்கை எல்லா நிர்வாகத் தரப்பு வழக்கறிஞர்களும் மேசையில் வைத்திருப்பார்கள். உங்கள் வழக்கிலும் அது எடுத்துக்காட்டப்படும்.

2025 ஆகஸ்ட் 30

27-ஆம் தேதிக் குறிப்பில் இரண்டு குறைகள் இருக்கின்றன. பெரம்பூரிலிருந்து ஒரு வழக்கறிஞர் சுட்டிக்காட்டியதால் திருத்துகிறேன்.

அந்தப் பத்து ஆண்டுகளை நீதிமன்றத்தின் இடைக்காலத் தடையாணை நிழலில் கடத்தியிருக்கக் கூடாது. தடையாணை வாங்கிக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்திருந்த ஆண்டுகள் கணக்கில் சேராது. இதை நான் விட்டுவிட்டேன். இன்னொன்று அதைவிடப் பெரியது. அந்தச் சலுகை 2006 ஏப்ரல் 10 நிலவரப்படி பத்து ஆண்டுகள் முடித்தவர்களுக்காகச் சொல்லப்பட்டது. 2010-இல் கேசரி வழக்கில், அந்த ஒருமுறைக் கணக்கெடுப்பில் விடுபட்டுப் போனவர்களையும் சேர்த்து முடிக்கும்வரை அந்தப் பணி முடிந்ததாகாது என்று விளக்கினார்களே தவிர, தேதியை நகர்த்தவில்லை. உங்கள் அக்கா சேர்ந்தது 2011-இல். ஆகவே 53-ஆவது பத்தியைத் தூக்கிக்கொண்டு 'எனக்கும் பத்து ஆண்டு ஆகிவிட்டது' என்று போனால் முதல் நாளே கேள்வி கேட்பார்கள். இதை எழுதக் கை வரவில்லை, ஆனால் மறைத்து எழுதுவதால் உங்களுக்குப் பயன் இல்லை.

அதோடு கதை முடியவும் இல்லை. 2024 டிசம்பர் 20 அன்று ஜக்கோ வழக்கில் நீதிபதிகள் விக்ரம் நாத்தும் பி.பி. வராலேயும் சொன்னதைப் படியுங்கள். மத்திய நீர் ஆணையத்தில் துப்புரவுப் பணியும் தோட்டப் பணியும் செய்தவர்கள் வரன்முறை கேட்டுப் போட்ட மனு தீர்ப்பாயத்தில் தள்ளுபடியானதும், 2018-இல் அவர்களைத் திடீரென வெளியேற்றினார்கள். உமாதேவி தீர்ப்பு பின்வாசல் நியமனத்தைத் தடுக்க வந்தது. நீண்ட காலம் நேர்மையாக உழைத்தவர்களைத் தூக்கியெறியும் ஆயுதமாக அதை நிர்வாகம் பயன்படுத்த முடியாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லி, அவர்களை மீண்டும் பணியில் அமர்த்தி வரன்முறையும் செய்யச் சொன்னது. வெளியே இருந்த காலத்துக்கு ஊதியம் தரவில்லை, ஆனால் பணித் தொடர்ச்சியைத் தந்தது. அடுத்த மாதமே, 2025 ஜனவரி 31 அன்று, காசியாபாத் மாநகராட்சித் தோட்டக்காரர்கள் வழக்கில் பாதி ஊதிய நிலுவையோடு மறுபணி கிடைத்தது. அவர்களை ஒப்பந்ததாரர் வழியாகத்தான் வைத்திருந்தோம் என்று மாநகராட்சி சொன்னது. அதற்கான ஒப்பந்தத்தை அதனால் காட்ட முடியவில்லை. இந்த மாதம் 19-ஆம் தேதி வந்த தரம் சிங் தீர்ப்பும் இதே திசையில்தான் போகிறது: நிதி இல்லை என்று சொல்லிப் பல்லாண்டுகள் நிரந்தர வேலையைத் தற்காலிகப் பெயரில் வாங்கக் கூடாது என்கிறது.

இந்த மூன்று வழக்குகளிலும் தொழிலாளர்கள் தினக்கூலிகளாகவோ பகுதிநேரமாகவோ இருந்தவர்கள். உங்கள் அக்காவுக்கோ நியமன ஆணையும் காலமுறை ஊதியமும் இருக்கின்றன. அவர் ஒரு படி மேலே நிற்கிறார்.

2025 செப்டம்பர் 2

இதை எழுதுவதா வேண்டாமா என்று மூன்று நாட்களாக யோசித்தேன்.

1999 டிசம்பரில் நான் ஒரு நீக்க ஆணையைத் தட்டச்சு செய்தேன். ரெமிங்டன் இயந்திரம், நான்கு படிகள், இடையில் மூன்று கார்பன் தாள்கள். பெயர் ஒருமுறைதான் வரும்; அதன்பிறகு ஆணை முழுவதும் 'தனியர்' என்றே இருக்கும். 'பார்வையில் காணும் தணிக்கை ஆட்சேபணையின்படி தனியரின் நியமனம் விதிகளுக்கு முரணானது என்பதால் தனியர் உடனடியாகப் பணியிலிருந்து நீக்கப்படுகிறார். நகல்: தனியர், தன்பதிவேடு, இருப்புக் கோப்பு.' தனியர் எங்கள் அலுவலகத்தின் இரவுக் காவலர். மூலக்கொத்தளத்தில் வீடு. காலை ஆறு மணிக்குப் பணி முடிந்தவர், சம்பளப் பட்டியலில் கையெழுத்துப் போட வேண்டும் என்று யாரோ சொன்னதை நம்பி, பத்து மணி வரை படிக்கட்டில் உட்கார்ந்திருந்தார்.

ஆணையை நான்தான் கொடுத்தேன். அவர் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "அம்மா, கண்ணாடி எடுத்துட்டு வரல, இதுல என்ன போட்டிருக்குன்னு படிச்சுச் சொல்லுங்க" என்றார். நான் படித்தேன். 'தனியர்' என்ற சொல் வந்த இடத்தில் அவர் நிறுத்தி, "அது யாரும்மா?" என்று கேட்டார். நீங்கள்தான் என்று சொன்னேன். அவர் ஒன்றும் பேசவில்லை. இடுப்பிலிருந்த சாவிக் கொத்தைக் கழற்றி என் மேசையில் வைத்தார். கேட்டுச் சாவி, பின்கட்டுச் சாவி, ஜெனரேட்டர் அறைச் சாவி என்று ஒவ்வொன்றாகச் சொல்லி ஒப்படைத்துவிட்டுப் போனார்.

அந்தக் கோப்பில் விளக்கம் கேட்கும் குறிப்பாணை இல்லை என்பது அப்போதே எனக்குத் தெரியும். கேட்க வேண்டும் என்று குறிப்பு எழுதியிருக்கலாம். நான் எழுதவில்லை. கடைநிலைப் பணியாளர், யார் நீதிமன்றம் போகப் போகிறார் என்று அலுவலகத்தில் எல்லோரும் நினைத்தோம். அவர் போனார். தம்புச் செட்டித் தெருவில் ஓர் இளம் வழக்கறிஞர் கட்டணம் வாங்காமல் நடத்தினார். ஆறு ஆண்டுகள் கழித்து ஆணை ரத்தானது. விளக்கம் கேட்கவில்லை என்ற ஒரே காரணம்தான். பாதி நிலுவையும் ஓய்வூதியத்துக்குப் பணித் தொடர்ச்சியும் கிடைத்தன. ஆனால் அதற்குள் அவர் ஓய்வு வயதைக் கடந்துவிட்டார். திரும்பவும் அந்தச் சாவிக் கொத்து அவர் கைக்கு வரவில்லை.

அவரை அந்த வேலையில் விதியை மீறிச் சேர்த்த அதிகாரி முழு ஓய்வூதியத்தோடு வீட்டில் இருந்தார். அவரிடம் யாரும் ஒரு வரி விளக்கம்கூடக் கேட்கவில்லை. இதை இன்றும் என்னால் ஏற்றுக்கொள்ள முடியவில்லை.

2025 செப்டம்பர் 3

நீங்கள் அனுப்பிய விவரங்களைப் பார்த்தேன். விளக்கம் கேட்கும் குறிப்பாணை வரவில்லை. பணியிடம் அனுமதிக்கப்பட்டது. கல்வித் தகுதி எட்டாம் வகுப்பு. உங்கள் அக்கா பத்தாம் வகுப்பு தேறியவர். தணிக்கையின் ஒரே ஆட்சேபணை, வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பட்டியல் வாங்கியும் நாளிதழில் விளம்பரம் கொடுக்காமல், அலுவலக அறிவிப்புப் பலகையில் ஒட்டி வந்த மனுக்களையும் சேர்த்து நேர்காணல் நடத்தினார்கள் என்பது.

1996-இல் விசுவேசுவர ராவ் வழக்கில், வேலைவாய்ப்பு அலுவலகப் பட்டியலோடு நின்றுவிடாமல் நாளிதழ் முதலியவற்றிலும் அறிவித்து, இரு வழியிலும் வந்தவர்களைப் பரிசீலிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருந்தது. ஆகவே தணிக்கையாளர் சொன்ன குறை உண்மையான குறைதான். அதை மறுத்து வாதாட வேண்டாம். பட்டியல் வாங்கப்பட்டது, நேர்காணல் நடந்தது, தகுதி இருந்தது, இடஒதுக்கீட்டுக்கான இனச்சுழற்சி முறை பின்பற்றப்பட்டது, பணியிடம் இருந்தது; விளம்பரம் மட்டும் குறைந்தது, அதுவும் விண்ணப்பித்தவரின் கையில் இல்லாத செயல் என்று சொல்லுங்கள். 'முறையற்றது' என்று நிர்வாகமே எழுதியிருக்கும் சொல்லுக்குள் இது சரியாகப் பொருந்துகிறது.

2025 செப்டம்பர் 4

சாலைப் பணியாளர்களை நீக்கினார்களே, மக்கள் நலப் பணியாளர்களை நீக்கினார்களே, அவர்கள் வழக்கு உதவுமா என்று ஒருவர் கேட்டார். பெரிதாக உதவாது. சாலைப் பணியாளர்கள் 2002 செப்டம்பரில் நீக்கப்பட்டு 41 மாதங்கள் வெளியே இருந்து 2006-இல் திரும்பினார்கள்; மக்கள் நலப் பணியாளர்கள் 1991, 2001, 2011 என்று ஆட்சி மாறும்போதெல்லாம் வெளியேற்றப்பட்டார்கள். இரண்டிலும் பணியிடங்களையே வேண்டாம் என்று அரசு கொள்கை முடிவு எடுத்தது. உங்கள் அக்காவின் பணியிடம் இருக்கிறது. அவர் வந்த வழிதான் கேள்விக்கு உள்ளாகிறது.

போன மாதம் ரிப்பன் மாளிகை வாசலில் ராயபுரம், திரு.வி.க. நகர் மண்டலத் தூய்மைப் பணியாளர்கள் உட்கார்ந்திருந்ததை நாம் எல்லோரும் பார்த்தோம். என் தெருவில் பெருக்கும் பெண்மணியும் அங்கே இருந்தார். அவர்கள் பிரச்சினை வேலை தனியாரிடம் போவது. அவர்களில் பலரிடம் நியமன ஆணை என்று ஒரு தாளே இல்லை. காசியாபாத் தோட்டக்காரர்கள் வழக்கு அவர்களுக்குத்தான் நெருக்கமானது, அதைப் பற்றித் தனியே எழுத வேண்டும்.

2025 செப்டம்பர் 7

இரண்டாம் தேதிக் குறிப்பைப் படித்துவிட்டு, 'அப்படியானால் பின்வாசலில் வந்த எல்லோரையும் வைத்துக்கொள்ள வேண்டும் என்கிறீர்களா' என்று என் அண்ணன் தொலைபேசியில் கேட்டார். கேட்க அவருக்கு உரிமை உண்டு.

அண்ணன் வியாசர்பாடியில் இருக்கிறார். எஸ்.எஸ்.எல்.சி. முடித்து 1984-இல் வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்தவர். மூன்று ஆண்டுக்கு ஒருமுறை விடியற்காலையில் போய் வரிசையில் நின்று அட்டையைப் புதுப்பித்து வருவார். மடிப்பு கிழிந்து, பின்னால் மருந்துக்கடைப் பிளாஸ்திரி ஒட்டிய அந்த அட்டை இன்றும் அவர் டிரங்குப் பெட்டியில் இருக்கிறது. அதில் புதுப்பித்த முத்திரைகள் ஆறு. அழைப்புக் கடிதம் ஒன்றுகூட வரவில்லை. வயது வரம்பு கடந்தபின் துறைமுகத்தில் சரக்கு எண்ணும் கூலி வேலைக்குப் போனார். எங்கள் அலுவலகத்தில் இரவுக் காவலர் பணியிடம் நிரப்பப்பட்டபோது விளம்பரம் கொடுத்திருந்தால் அவரும் விண்ணப்பித்திருப்பார். நான் அங்கேயே வேலை பார்த்தும் எனக்கே அது நிரப்பப்பட்ட பிறகுதான் தெரியும்.

ஆகவே உமாதேவி தீர்ப்பு கொடுமையானது என்று நான் சொல்ல மாட்டேன். அது என் அண்ணனைப் போன்றவர்களுக்காக எழுதப்பட்டது. ஆனால் காவலரை வெளியே அனுப்பியதால் அண்ணனுக்கு அந்த வேலை கிடைக்கவில்லை. அந்தப் பணியிடம் நான்கு ஆண்டுகள் காலியாகக் கிடந்து, பிறகு ஒப்பந்த நிறுவனத்துக்குப் போனது.

மேற்கு வங்கத்தில் இதே கேள்வி எவ்வளவு பெரிதாகக் கிளம்பியது என்பதைப் பாருங்கள். 2016 தேர்வு வழியாக வந்த 25,753 ஆசிரியர்கள், அலுவலகப் பணியாளர்கள் நியமனத்தை கல்கத்தா உயர் நீதிமன்றம் 2024 ஏப்ரலில் ரத்து செய்தது; 2025 ஏப்ரல் 3 அன்று உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது. விடைத்தாள்கள் அழிக்கப்பட்டு, முறைகேடு மூடி மறைக்கப்பட்டதால், நல்லதையும் கெட்டதையும் பிரித்தெடுக்க முடியாத அளவுக்குத் தேர்வு முழுவதும் கறைபட்டுவிட்டது என்பது காரணம். நேர்மையாக எழுதித் தேறியவர்களும் அந்த எண்ணிக்கையில் இருந்தார்கள். கறைபடாத ஆசிரியர்கள் பிள்ளைகளின் படிப்புக்காக இந்த ஆண்டு டிசம்பர் 31 வரை நீடிக்கலாம் என்று இரண்டு வாரம் கழித்து அனுமதித்தார்கள். அவ்வளவே.

2006-இல் இந்தர்பிரீத் சிங் கலோன் வழக்கு சொன்னது வேறு: கறைபட்டவரையும் படாதவரையும் பிரிக்க முடியுமானால் பிரித்தாக வேண்டும். 2013-இல் சத்தீஸ்கரில் விடைத்தாள் திருத்தியதில் நேர்ந்த பிழையால் நியமனம் பெற்று மூன்று ஆண்டுகளுக்கு மேல் பணிபுரிந்தவர்கள் வழக்கில், பிழை அவர்களுடையது அல்ல என்பதால் அவர்களைப் பணியில் வைத்துக்கொண்டு திருத்திய தகுதிப் பட்டியலின் கடைசியில் சேர்க்கச் சொன்னார்கள். எனக்கு இந்தத் தீர்வுதான் நெஞ்சுக்கு ஒப்பாக இருக்கிறது. முந்த வேண்டியவர் முந்திக்கொள்கிறார், உழைத்தவர் தெருவுக்கு வரவில்லை. அண்ணனிடம் இதைச் சொன்னேன். "அந்த முந்த வேண்டியவன் இன்னும் வெளியேதானே நிற்கிறான்" என்றார். அவருக்குச் சொல்ல என்னிடம் பதில் இல்லை.

2025 செப்டம்பர் 8

இதுவரை வாங்கிய சம்பளத்தைத் திருப்பிக் கேட்பார்களா என்று உங்கள் அக்கா பயப்படுவதாக எழுதியிருந்தீர்கள். மேற்கு வங்கத் தீர்ப்பில் முறைகேட்டில் சிக்கியவர்கள் மட்டுமே திருப்பித் தர வேண்டும், மற்றவர்கள் தர வேண்டாம் என்று இருக்கிறது. கடைநிலை, எழுத்தர் நிலை ஊழியர்களிடமிருந்து அவர்கள் தவறு இல்லாமல் கூடுதலாகப் போன ஊதியத்தைப் பிடிக்கக் கூடாது என்று 2014 டிசம்பரில் ரபீக் மசி வழக்கில் வரையறுத்தார்கள். உழைத்து வாங்கிய ஊதியத்தைப் பற்றி அவர் பயப்பட வேண்டாம்.

பொய்ச் சான்றிதழ் கொடுத்தவர் கதை வேறு. 2004-இல் கேரளத்தின் விசுவநாதப் பிள்ளை வழக்கில், பொய்ச் சாதிச் சான்றிதழால் பெற்ற பதவி தொடக்கத்திலிருந்தே செல்லாது, 311-ஆவது உறுப்பின் பாதுகாப்பும் கிடையாது என்று சொல்லிவிட்டார்கள். அந்த வழக்கை உங்களுக்கு எதிராகக் காட்டினால், உங்கள் அக்கா ஒரு சான்றிதழிலும் பொய் சொல்லவில்லை என்பதை உறுதிமொழிப் பத்திரத்தில் தனிப் பத்தியாகவே எழுதச் சொல்லுங்கள்.

2025 செப்டம்பர் 12

தொழிலாளர் நீதிமன்றமா, உயர் நீதிமன்றமா? சட்டத்தால் அமைந்த வாரியம் என்பதால், அரசியலமைப்பின் 226-ஆவது உறுப்பின்கீழ் உயர் நீதிமன்றத்தில் நேரடியாகப் போடும் ரிட் மனு நிற்கும். கூட்டுறவுச் சங்கமாக இருந்திருந்தால் 2006-இல் மாரப்பன் வழக்கில் சென்னை உயர் நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் சொன்னது குறுக்கே வந்திருக்கும். சங்கத்துக்கு எதிராகச் சாதாரணமாக ரிட் நிற்காது. அப்படிப்பட்டவர்கள் தொழிலாளர் நீதிமன்றத்துக்குத்தான் போக வேண்டியிருக்கும். இருபத்துநான்கு மாதங்களில் 480 நாட்கள் வேலை செய்தவருக்கு நிரந்தரத் தகுதி தரும் 1981-ஆம் ஆண்டுத் தமிழ்நாட்டுச் சட்டம் ஒன்றும் இருக்கிறது; தொழில் நிறுவனம் என்ற வரையறைக்குள் வரும் இடங்களில் அது பெரிய துணை. உங்களுக்கு அது தேவைப்படாது என்று நினைக்கிறேன்.

2025 செப்டம்பர் 18

இன்று நானும் போயிருந்தேன். தண்டையார்பேட்டையில் மெட்ரோ ஏறி உயர் நீதிமன்ற நிலையத்தில் இறங்கினோம். உங்கள் அக்கா ஒரு ஜவுளிக்கடைக் கட்டைப்பையில் பதினான்கு ஆண்டுச் சம்பளச் சீட்டுகளையும் ஆண்டுவாரியாக ரப்பர் பேண்டு போட்டுக் கொண்டுவந்திருந்தார். யாரும் அவற்றைக் கேட்கவில்லை. மடியிலேயே வைத்திருந்தார்.

நம் வழக்கு வந்தது பன்னிரண்டே கால் மணிக்கு. நடந்தது நான்கு நிமிடம். 'விளக்கம் கேட்டீர்களா' என்று நீதிபதி வாரியத்தின் வழக்கறிஞரைக் கேட்டார். அவர் உமாராணி வழக்கைச் சொல்லத் தொடங்கினார். 'அது பிறகு, கேட்டீர்களா இல்லையா' என்றார் நீதிபதி. கேட்கவில்லை என்று ஒப்புக்கொண்டார். நீக்க ஆணை ரத்து. அந்த ஆணையையே விளக்கம் கேட்கும் குறிப்பாணையாகக் கருதி, தீர்ப்பு நகல் கிடைத்த இரண்டு வாரத்துக்குள் இவர் விளக்கம் கொடுக்க வேண்டும். எட்டு வாரத்துக்குள் நேரில் கேட்டு, காரணங்களோடு வாரியம் புதிய ஆணை போட வேண்டும். அதுவரை பணியில் இருக்கலாம்.

இது முழு வெற்றி அல்ல. வாரியம் திரும்பவும் அதே முடிவை எடுக்கலாம், அப்போது உமாராணியும் ஜக்கோவும் நேருக்கு நேர் நிற்கும். அக்காவிடம் வெளியே வந்ததும் இதைச் சொல்லிவிட்டேன். "நாளைக்கு வேலைக்குப் போகலாமா?" என்றுதான் கேட்டார். நகல் கைக்கு வந்ததும் போகலாம் என்றேன்.

2025 அக்டோபர் 14

நகல் 6-ஆம் தேதி கிடைத்தது. மறுநாள் காலை பணியில் சேர்ந்துவிட்டார். வருகைப் பதிவேட்டில் அவர் பெயருக்கு நேரே சிவப்பு மையில் அடித்திருந்த கோட்டின் மேலேயே கையெழுத்துப் போடச் சொல்லியிருக்கிறார்கள். புதிய வரியில் பெயர் எழுதித் தந்தால்தான் போடுவேன் என்று நின்று வாங்கியிருக்கிறார்.

விளக்கம் முதலில் பதினொரு பக்கம் வந்தது. அப்பா இறந்தது, வீட்டுக் கடன், பிள்ளைகளின் படிப்பு எல்லாம் இருந்தன. எல்லாம் உண்மை. நான்கு பக்கமாகக் குறைத்தோம். வேலைவாய்ப்பு அலுவலகப் பட்டியல் வாங்கப்பட்ட கடித எண், நேர்காணல் தேதி, தேர்வுக் குழு ஒப்பமிட்ட நடவடிக்கைக் குறிப்பு, இனச்சுழற்சிப் பதிவேட்டின் பக்க எண் ஆகியவை முதல் பக்கத்தில் இருக்கின்றன. எல்லாம் தகவல் உரிமை மனுவில் கிடைத்தவை. விளம்பரம் கொடுக்க வேண்டிய பொறுப்பு யாருடையது, அந்த அலுவலரிடம் விளக்கம் கேட்கப்பட்டதா என்ற கேள்வியையும் கடைசிப் பத்தியில் சேர்க்கச் சொன்னேன். வழக்கறிஞர் தயங்கினார், அக்கா வைத்தே தீர வேண்டும் என்றார். 'தனியர்' என்ற சொல்லை எங்கும் போடாமல், தன் பெயரையே எழுதச் சொன்னேன்.

இன்று காலை பத்தரை மணிக்கு நேரில் கொடுத்துவிட்டார். இரண்டாம் படியில் முத்திரையும் தேதியும் வாங்க அரை மணி நேரம் நிற்க வேண்டியிருந்ததாம். அதன் படத்தை எனக்கு அனுப்பியிருக்கிறார். முத்திரையில் தேதி தெளிவாக விழுந்திருக்கிறது.